கடல் தாண்டாத குயில்

“கோழி இல்லைண்ணே. எத்தனை வாட்டி சொல்றது? கோழிக்கு இவ்ளோ நீளத்துக்கு வாலு இருக்குமா?”

குமுதவல்லி கையை முழங்கை வரை நீட்டிக் காட்டினாள். குழாயடியில் வாளியோடு நின்ற பெண்கள் சிரித்தார்கள். மோட்டார் சைக்கிளில் உட்கார்ந்து ஒரு காலைத் தரையில் ஊன்றியிருந்த சன்னாசி மட்டும் சிரிக்கவில்லை. முப்பது வருஷம் தோட்டத்தில் ஆட்களை வேலை வாங்கும் மண்டோராக இருந்து ஓய்ந்தவர். அவர் முகம் எவ்வளவு இறுக்கமாக இருக்கிறதோ அவ்வளவு கிண்டல் வரப்போகிறது என்று லயத்தில் எல்லாருக்கும் தெரியும்.

“காட்டுக்கோழிக்கு இருக்கும்லா வாலு.”

“காட்டுக்கோழி எனக்குத் தெரியாதா? கண்ணியில மாட்டுனத எத்தனை அறுத்துக் கொழம்பு வச்சிருக்கேன். இதுக்கு மூக்கு பச்சை. கண்ணச் சுத்தி நீலம், சோப்புத் தூள் மாதிரி நீலம். காட்டுப் பன்னி கிளறிட்டுப் போன எடத்துல பின்னாடியே நடந்து போயி பூச்சி பொறுக்குது.”

“குயிலுன்னு சொன்னியாமே.”

“நான் சொல்லல. இந்துஜா சொல்லிச்சு.”

“நடக்குற குயிலு.” சன்னாசி பெண்கள் பக்கம் திரும்பினார். “மரத்துல ஏறாது. நடந்து போயி ரோட்டுல பஸ் ஏறும். போர்டிக்சன் பஸ்ஸா, சிரம்பான் பஸ்ஸா குமுதா?”

அவள் வாளியைத் தூக்கிய வேகத்தில் பாதித் தண்ணீர் காலில் கொட்டியது. திரும்பிப் பிடிக்கவும் மனமில்லாமல் அரை வாளியோடு வீட்டுக்குப் போனாள்.

சிரிக்கிறவர்களுக்கும் சேர்த்துத்தான் அவள் அந்தப் பறவையைப் பிடித்துத் தொங்கிக்கொண்டிருந்தாள். அது அவர்களுக்கு உறைக்காததுதான் அவளுக்கு எரிச்சல்.

தோட்டத் தொழிலாளர்களின் அந்த லயத்தில் பதினான்கு வீடுகள். லயத்துக்குப் பின்னால் ஒரு குன்று. சரிவு அதிகம் என்று வெள்ளைக்காரன் காலத்திலிருந்து யாரும் அதில் ரப்பரும் நடவில்லை, செம்பனையும் நடவில்லை. அப்படியே காடாக நின்றுவிட்டது. மூன்று வருஷத்துக்கு முன் தோட்டத்தை வாங்கிய புதுக் கம்பெனிக்கு அந்தக் குன்று கண்ணை உறுத்தியது. குன்றை வெட்டி இறக்கி, லயத்தையும் இடித்து, எல்லாவற்றையும் ஒரே பரப்பாக்கிச் செம்பனை நட வேண்டும். மாத முடிவுக்குள் வீட்டைக் காலி செய்யச் சொல்லி ஒவ்வொரு கதவிலும் கடிதம் ஒட்டியாகிவிட்டது. அம்பாங்கான் பக்கம் அடுக்குமாடியில் வீடு வாங்கித் தருவதாக முன்பு சொன்னவர்கள் இப்போது போனையே எடுப்பதில்லை. லயத்து ஆட்கள் மனு எழுதினார்கள். கட்சிக்காரனைப் பார்த்தார்கள். அட்டை பிடித்துக்கொண்டு ஆபிஸ் வாசலில் வெயிலில் நின்றார்கள். ஒன்றும் அசையவில்லை.

அசையக்கூடும் என்று சொன்னது இந்துஜா ஒருத்திதான். ரஹாங்கில் பிறந்து வளர்ந்த யாழ்ப்பாணத்துக் குடும்பத்துப் பெண். பல்கலைக்கழகத்தில் காட்டு உயிர்களைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாள். போன வருஷம் குன்றில் மரம் எண்ண வந்தபோது வழிகாட்டியாகப் போன குமுதவல்லியிடம் போன் எண்ணைக் கொடுத்து, “புதுசா எதைப் பார்த்தாலும் படம் அனுப்புங்க ஆன்ட்டி” என்று சொல்லிவிட்டுப் போனவள். கீரை பறிக்கப் போன காலையில் அந்தப் பறவையைக் கண்டதும் குமுதவல்லி போனை எடுத்து அழுத்தினாள். அவசரத்தில் போன் ஆடிவிட்டது. படத்தில் ஒரு புதர், பழுப்பாக ஒரு தீற்றல், கொஞ்சம் வால்.

முதலில் வந்த பதில்: ‘இருக்காது ஆன்ட்டி.’ மறுநாள் பதில் வரவில்லை, இந்துஜாவின் காடியே லயத்து வாசலில் வந்து நின்றது.

“இது தரைக்குயில் மாதிரி இருக்கு, ஆன்ட்டி.” குன்றின் மேல் மூச்சு வாங்க நின்றுகொண்டு இந்துஜா சொன்னாள். “ஆனா இங்க இருக்கவே கூடாது. சுமத்ராவுல ஒரு வகை, போர்னியோவுல ஒரு வகை. அந்த ரெண்டு வகையும் அந்தத் தீவுகளத் தவிர உலகத்துல வேற எங்கயும் இல்ல. கடல் தாண்டிப் பறக்குற ஜாதியும் இல்ல. சுமத்ராவுலயே எண்பது வருஷத்துக்கு மேல யார் கண்ணுலயும் படாம இருந்திருக்கு.”

“நம்ம கடற்கரையில இருந்து சுமத்ரா கிட்டதானே. போட்டுலயே வந்துட்டுப் போறானுங்க.”

“போட்டுல வந்திருக்கலாம். கூண்டுல திருட்டுத்தனமா கொண்டாந்து, தப்பிச்சிருக்கலாம். இல்ல, நாங்க எல்லாரும் இத்தனை நாளா தப்பா எழுதி வச்சிருக்கலாம். எனக்குத் தெளிவா ஒரே ஒரு படம் வேணும் ஆன்ட்டி. மூஞ்சி தெரியணும்.”

“தெரிஞ்சா?”

“கம்பெனி வெளிநாட்டுக்குச் செம்பனை எண்ணெய் விக்குது. அரிய உயிர் இருக்குற காட்டை அழிச்சோம்னு பேர் வந்தா வாங்குறவன் நிறுத்திடுவான். படம் இருந்தா நான் எழுதுவேன். விசாரணை முடியுற வரைக்கும் குன்று மேல கை வைக்க முடியாது. குன்று நின்னா லயமும் நிக்கும். ஒரு வருஷமாவது நிக்கும்.”

குமுதவல்லி சிரித்துவிட்டாள். “பதினாலு குடும்பம் கத்துனோம், நிக்கல. ஒரு குயிலுக்கு நிக்குமா?”

“நிக்கும்,” என்றாள் இந்துஜா. அவளுக்கு அதில் சிரிப்பு வரவில்லை.

பன்றி கிளறும் பள்ளத்தருகில் ஒரு மரத்தில் முழங்கால் உயரத்துக்குக் கேமராவைக் கட்டினாள். முன்னால் எது அசைந்தாலும் தானே படம் எடுக்கும் கேமரா. பத்து நாள் கழித்து வருவதாகவும், அதுவரை யாரும் அந்தப் பக்கம் போகாமல் பார்த்துக்கொள்ளும்படியும், ஐந்தாம் நாள் மட்டும் குமுதவல்லி போய்க் கேமராவில் பச்சை விளக்கு எரிகிறதா என்று பார்த்துவிட்டு வந்தால் போதும் என்றும் சொன்னாள்.

ஐந்தாம் நாள் குமுதவல்லி போனாள். பச்சை விளக்கு எரிந்தது. வேலை அவ்வளவுதான், திரும்பியிருக்க வேண்டும்.

கேமராவுக்கு முன்னால் ஒரு பெரணி இலை காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. கண்ணாடியை மறைக்கிறது. இடுப்பிலிருந்த பாராங் கத்தியை எடுத்து அந்த ஓர் இலையை வெட்டினாள். அதற்குப் பின்னால் இன்னொன்று. அப்புறம் ஒரு செந்தூடுக் கன்று. அதைச் சுற்றி ஒரு முள்கொடி.

இருபத்தாறு வருஷம் அவள் செய்த வேலை அது. செம்பனை மரத்தைச் சுற்றி ஆளுயர ஆரத்துக்கு ஒரு வட்டம். அந்த வட்டத்துக்குள் ஒரு புல் நிற்கக் கூடாது, ஒரு சருகு கிடக்கக் கூடாது. விழுந்த பழம் ஒவ்வொன்றும் கண்ணுக்குத் தெரிய வேண்டும். புல் நின்றால் மண்டோர் கத்துவார், கணக்கெழுதும் கிராணி பெயரைக் குறித்துக்கொள்வார், காலையில் ஆள் கூடும் பெரட்டில் எல்லார் முன்னாலும் மானம் போகும். களையைக் கண்டால் அவள் கை அவளைக் கேட்காது. தோட்டத்தில் சுத்தமாக இல்லாத இடம் என்றால் சோம்பேறி வேலை செய்த இடம்.

அரைமணி நேரத்தில் அந்த மரத்தடி கோயில் வாசல் போல ஆகிவிட்டது. சருகையெல்லாம் குச்சியால் தள்ளி ஒதுக்கி, பன்றி கிளறிய பள்ளத்தைக்கூடக் காலால் நிரவிவிட்டாள். இனி குயில் வந்தால் மூஞ்சி என்ன, மூஞ்சியிலிருக்கும் முடிகூடத் தெரியும். நிமிர்ந்து இடுப்பைப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். வட்டம் ஒரு பக்கம்கூடக் கோணவில்லை. மனசு நிறைந்து வீட்டுக்கு வந்து சோறாக்கினாள்.

பத்தாம் நாள் இந்துஜா கேமராவிலிருந்த மெமரி அட்டையை மட்டும் கழற்றிக்கொண்டு இறங்கி வந்தபோதே முகம் சரியில்லை. குமுதவல்லி வீட்டு மேசையில் லேப்டாப்பைத் திறந்தாள். சன்னாசி கூப்பிடாமலே வந்து வாசல்படியில் நின்றார்.

முதல் நாள் பன்றிகள். இரண்டாம் நாள் பன்றிகள், குட்டிகளோடு. மூன்றாம் நாள் காலை, பெரணிக்குப் பின்னால் இரண்டு கால்கள். இந்துஜா மூச்சை இழுத்தாள். நான்காம் நாள் ஏழு மணிக்கு அது வந்தே விட்டது. பழுப்பு வயிறு, அதில் வரி வரியாகக் கோடு. முகத்தில் பாதியை இலை மறைத்திருந்தது. மறைக்காத பாதியில் நீலம்.

“பார்த்தீங்களாண்ணே!” குமுதவல்லி திரும்பிச் சன்னாசியைப் பார்த்துக் கத்தினாள். “கோழியா இது? சொல்லுங்க, கோழியா?”

சன்னாசி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு குனிந்தார்.

“இன்னும் ரெண்டு மூணு நாள்ல இலைக்கு இந்தப் பக்கம் வந்திருக்கும்,” என்று இந்துஜா மெதுவாகச் சொன்னாள். “தினமும் கொஞ்சம் கொஞ்சமா கிட்ட வந்துட்டு இருந்துச்சு.”

அடுத்த படத்தில் ஒரு பாராங். அதற்கடுத்ததில் குமுதவல்லியின் கை. பிறகு குமுதவல்லியின் முதுகு. குனிந்த குமுதவல்லி, நிமிர்ந்த குமுதவல்லி, சருகு தள்ளுகிற குமுதவல்லி, இடுப்பைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிற குமுதவல்லி. இந்துஜா பொத்தானை அழுத்திக்கொண்டே இருந்தாள். நூற்று நாற்பத்தாறு படங்கள். அதற்குப் பிறகு வெறும் தரை. ஒரு மைனா வந்து நின்றுவிட்டுப் போயிருந்தது. ஒரு நாள் சன்னாசி வீட்டு நாய் வந்து படுத்திருந்தது.

“ஏன் ஆன்ட்டி?”

“குப்பையா கெடந்துச்சும்மா. மறைச்சுச்சு.”

“அந்தக் குப்பைதான் ஆன்ட்டி அதோட வீடு. சருகுக்கு அடியிலதான் பூச்சி. புதர் இருந்தாத்தான் அது வெளியவே வரும். வெட்டவெளியில கால் வைக்காது.” இந்துஜா திட்டியிருந்தால் தேவலை. குரல் உயரவே இல்லை. “என் தப்பு. நான் உங்ககிட்ட வெவரமா சொல்லியிருக்கணும்.”

அந்தப் பெருந்தன்மைதான் குமுதவல்லிக்குத் தாங்கவில்லை. “நீ என்னாத்துக்கு உன் தப்புங்கிற? நான்தானே வெட்டுனேன்! இந்தக் கை வெட்டுச்சு!” என்று தன் கையைத் தானே மேசையில் அடித்தாள். லேப்டாப் குலுங்கியது.

“வட்டம் என்னமோ நல்லாத்தான் போட்டிருக்கு,” என்றார் சன்னாசி.

அவள் பார்த்த பார்வையில் அவர் மோட்டாரைத் தள்ளிக்கொண்டு போய்விட்டார்.

இந்துஜா இருந்த பாதி முகத்தை வைத்துக் கம்பெனிக்கு எழுதினாள். ஒரு வாரத்தில் பதில் வந்தது. அதை அவள் குமுதவல்லியின் போனுக்கு அனுப்பி, தமிழில் சொல்லியும் அனுப்பினாள். படம் தெளிவில்லை. அந்த இனம் மலாய்த் தீபகற்பத்தில் இருப்பதாகப் பதிவில்லை. ஒருவேளை அதுவேதான் என்றாலும், கூண்டிலிருந்து தப்பிய வெளியூர்ப் பறவையாகவே இருக்க வேண்டும். ஆகவே இம்மண்ணுக்குரியதாகக் கொண்டு வேலையை நிறுத்த முகாந்திரமில்லை.

குழாயடியில் அதைக் கேட்ட சன்னாசி காறித் துப்பினார். “வெளியூரு. எப்ப வந்தா என்னா, எவன் கூட்டியாந்தா என்னா, இங்கதானே மேயுது? எங்க தாத்தனையும் கப்பல்ல ஏத்திக் கூட்டியாந்தவன் எவன்னு கேட்டுச் சொல்லச் சொல்லு.”

“தெளிவா ஒரு படம் இப்ப கிடைச்சாலும் இந்துஜா மறுபடி எழுதுறேங்குது,” என்றாள் குமுதவல்லி. “கேமரா இன்னும் அங்கதான் இருக்கு. மாசம் முடிய அஞ்சு நாள் இருக்கு.”

அன்று மத்தியானம் அவள் உரச்சாக்கில் சருகு அள்ளினாள். குன்றின் மறுபக்கத்திலிருந்து அள்ளி, முதுகில் சுமந்து வந்து, தான் துடைத்த வட்டத்தில் கொட்டிப் பரப்பினாள். பெரணியை மண்ணோடு பெயர்த்து வந்து நட்டாள். முள்கொடியை இழுத்து வந்து வேரைப் புதைத்தாள், உள்ளங்கை கிழிந்தது. காடு வெட்டும்போது அரைமணி நேரம். வைக்கும்போது மூன்று நாளாகியும் வட்டம் வட்டமாகவே தெரிந்தது. நட்ட பெரணியெல்லாம் வெயிலில் தலை தொங்கிவிட்டது. ஓடையிலிருந்து வாளியில் தண்ணீர் கொண்டுவந்து களைக்கு ஊற்றினாள்.

“ஏ குமுதா.” சரிவில் மூச்சிரைக்க ஏறி வந்து நின்ற சன்னாசி தலையில் கை வைத்துக்கொண்டார். “புல்லையா நடுற? என்கிட்ட வேலை செஞ்சவ புல்லு நடுறாளா? எவன்கிட்டயும் சொல்லிடாதே, மானம் போயிரும்.”

“நீங்க கத்திக் கத்தித்தானே இந்தக் கை இப்படி ஆச்சு! ஒரு புல்லு நின்னா என்னா பேச்சுப் பேசுவீங்க!”

அவர் கிடந்த காலிச் சாக்கை எடுத்துக்கொண்டு மறுபக்கம் இறங்கினார். அரைச் சாக்குச் சருகோடு திரும்பி வர அவருக்கு முக்கால் மணி நேரமாயிற்று. இருமினார், திட்டினார், கொட்டினார், மறுபடி போனார்.

பறவை வரவில்லை.

மாதம் பிறந்த முதல் திங்கட்கிழமை காலை லோரியிலிருந்து மண்வெட்டும் இயந்திரத்தை இறக்கினார்கள். முதலில் குன்று, அடுத்த வாரம் லயம். முந்தின நாள்தான் இந்துஜா வந்து பல்கலைக்கழகத்துக் கேமராவைக் கழற்றிக்கொண்டு போயிருந்தாள். அட்டையில் வாடிய பெரணியும், சாக்குச் சுமக்கிற இரண்டு ஆட்களும் தவிர ஒன்றுமில்லை.

குமுதவல்லி குன்றடியில் போய் நின்றாள். தடுக்க என்று போகவில்லை. வீட்டில் மூட்டை கட்டிய சாமான்களுக்கு நடுவில் உட்கார்ந்திருக்க முடியவில்லை. இயந்திரம் ஓட்டுகிறவன் இந்தோனேசியாக்காரன், ருஸ்தம் என்று பெயர். தோட்டத்துக் கொட்டகையில் இரண்டு வருஷமாக இருக்கிறான். லயத்து ஆட்கள் அவர்களோடு பேசுவதில்லை. குறைந்த கூலிக்கு வந்து வேலையைப் பிடுங்கினவர்கள் என்ற கோபம். அவன் சங்கிலியில் அடைந்த மண்ணைத் தட்டிக்கொண்டிருந்தான். அவளுக்கு யாரிடமாவது காட்ட வேண்டும் போலிருந்தது. போனை அவன் முகத்துக்கு நேராக நீட்டி, “இதோட வீட்டைத்தான் இடிக்கப் போற,” என்று மலாயில் சொன்னாள்.

அவன் பாதி முகத்தை ஒரு தடவைதான் பார்த்தான்.

“தொக்தோர்,” என்றான். “எங்க ஊர்ப் பறவை. எங்க கிடைச்சது இது?”

“உன் ஊரா? எந்த ஊரு?”

“சுமத்ரா. மலைப் பக்கம். கோழிக்கு வைக்கிற கண்ணியில சில சமயம் மாட்டும். எங்க அப்பா அவிழ்த்து விட்டுடுவார்.” அவன் இரண்டு கையையும் குவித்து வாயில் வைத்து ஊதினான். தொண்டைக்குள்ளிருந்து இரண்டு சத்தம்: “தோக்... தோர்.”

ஓடைக்கு அந்தப் பக்கம், அவள் கத்தி படாத அடர்த்திக்குள்ளிருந்து பதில் வந்தது. அதே இரண்டு சத்தம். ஒரே தடவை.

“பதில் சொல்லும்,” என்றான் ருஸ்தம் சாதாரணமாக. “கூப்பிட்டா எப்பவும் பதில் சொல்லும். படம் எடுக்கிறதெல்லாம் முடியாது. ஆளைக் கண்டா மறைஞ்சிடும். சத்தத்தை வச்சுத்தான் எங்க ஊர்ல கண்டுபிடிப்போம்.”

இரண்டு வருஷம். இருநூறு அடி தூரத்தில் இருந்த கொட்டகை. ஒரு நாள், ஒரு வார்த்தை கேட்டிருந்தால். குமுதவல்லி போனைத் தட்டி இந்துஜாவைக் கூப்பிட்டாள்.

“சத்தம் போதுமா? சத்தத்தப் புடிச்சு அனுப்புனா போதுமா?”

“என்ன சத்தம்? கேட்டுச்சா? போதும் ஆன்ட்டி, போதும்! இப்பவே ரெக்கார்ட் பண்ணுங்க, நான் வர்றேன்...”

அதற்குள் மேற்பார்வையாளன் வந்துவிட்டான். கடிகாரத்தைக் காட்டிக் கத்தினான். ருஸ்தம் ஏறி உட்கார்ந்து இயந்திரத்தை முடுக்கினான். குன்று முழுக்க அதிர்ந்தது. குமுதவல்லி முன்னால் ஓடி இரண்டு கையையும் விரித்துக்கொண்டு நின்றாள். “மாத்தி! எஞ்சின் மாத்தி!” என்று எஞ்சினை அணைக்கச் சொல்லி மலாயில் கத்தினாள்.

இயந்திரம் நின்றது. “சூடாயிடுச்சு பாஸ்,” என்று ருஸ்தம் மேலிருந்து குரல் கொடுத்தான். இப்போதுதான் முடுக்கிய இயந்திரம். “பத்து நிமிஷம் ஆறட்டும்.” மேற்பார்வையாளன் முறைத்துவிட்டுச் சிகரெட் பற்றவைத்தான்.

குமுதவல்லி போனில் பதிவை அழுத்தி ஓடைப் பக்கம் நீட்டினாள். ருஸ்தம் இறங்கி வந்து கையைக் குவித்துக் கூப்பிட்டான். லயத்திலிருந்து வந்து கூடியவர்கள் யாரும் பேசவில்லை. சன்னாசிக்கு இருமல் வந்தது. துண்டை வாயில் திணித்துக்கொண்டு கண் பிதுங்க அடக்கினார். ருஸ்தம் மறுபடி கூப்பிட்டான். மறுபடியும். ஓடைத் தண்ணீர் ஓடுகிற சத்தம் கேட்டது. எங்கோ ரோட்டில் ஒரு லோரி போனது. எண்ணெய்ப் புகை இன்னும் இலைகளுக்கு மேல் நின்றது.

“பயந்துடுச்சு,” என்றான் அவன். “இந்தச் சத்தம் கேட்டா நாள் முழுக்க வாய் திறக்காது.”

மேற்பார்வையாளன் சிகரெட்டை மிதித்தான். ருஸ்தம் அவள் முகத்தைப் பார்க்காமல், “அந்தப் பக்கத்தைக் கடைசியா வச்சுக்கிறேன்,” என்று சொல்லிவிட்டு ஏறினான். இயந்திரம் உறுமிக்கொண்டு முதல் மரத்துக்குத் திரும்பியது.

குமுதவல்லி நீட்டிய கையை மடக்கவில்லை. போனில் வினாடிகள் ஓடிக்கொண்டிருந்தன. சன்னாசி வந்து அவள் முழங்கைக்குக் கீழே தன் கையைக் கொடுத்துத் தாங்கிக்கொண்டார்.

“கை வலிக்கும். புடி,” என்றார். “அணைச்சிடாதே.”